சீலன் பேச்சு வாங்காத ஆட்டம்

நீங்கள் எல்லாரும் பயிற்றுநர் பத்திரம் எடுத்துவிட்டு வந்திருக்கிறீர்கள். சந்தோசம். யார் எங்கே நிற்க வேண்டும், எவன் எப்போது ஓட வேண்டும் என்பதையெல்லாம் எனக்குத் தெரிந்ததைவிட நன்றாகவே உங்களுக்குச் சொல்லித் தந்திருப்பார்கள். அதைப் பற்றி நான் வாய் திறக்கப் போவதில்லை. ஆனால் கோட்டுக்கு வெளியே நிற்கிறவனின் தலையில் ஒருநாள் ஆட்டத்தோடு சம்பந்தமே இல்லாத ஒன்று வந்து விழும். அன்றைக்கு உங்கள் பத்திரத்தை மடித்துப் பொக்கற்றுக்குள் வைத்துக்கொள்ள வேண்டியதுதான். எனக்கு அப்படி விழுந்த ஒரு காலையைப் பற்றி எழுதச் சொன்னீர்கள், எழுதுகிறேன். வாசித்து முடித்துவிட்டு, “அண்ணை, நீங்கள் செய்தது சரியோ பிழையோ?” என்று மட்டும் வந்து கேட்காதீர்கள். எனக்குக் கோபம் வரும்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. அப்போது நான் மனேஜர் இல்லை. எங்கள் உதைபந்தாட்ட ரீமுக்கு மனேஜராக இருந்தவர் ஓர் இங்கிலாந்துக்காரர், நான் அவருக்கு உதவி. அவருடைய பெயரை எழுத மாட்டேன். தன்னைப் பற்றி யாராவது நாலு வரி எழுதினாலே எரிச்சல்படுகிற மனுசன். நாங்கள் அவரை ‘வெள்ளையண்ணை’ என்போம். அதற்கு அர்த்தம் என்னவென்று கேட்டார், சொன்னோம், சிரித்தார். பிறகு அந்தப் பெயருக்கே திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டார்.

இளமையில் இங்கிலாந்தின் கீழ்ப் பிரிவுகளில் நடுக்களத்தில் ஆடியவர். பெரிய பெரிய மைதானங்களை அவரும் எங்களைப்போலத் தொலைக்காட்சியில் பார்த்தவர்தான். கால் ஓய்ந்ததும், அந்தப் பிரிவுகளுக்கும் கீழே, லீக் என்ற கணக்கிலேயே சேராத சின்னக் கழகங்களுக்கு மனேஜராகப் போயிருக்கிறார். பகலில் தபால் கொடுக்கிறவனும் கூரை வேய்கிறவனும் பின்னேரம் வந்து விளையாடும் கழகங்கள். ஒன்றை மேலே ஏற்றினார். மற்றவை அவரைத் துரத்திவிட்டன. மனைவி காலமான பிறகு ரொறன்ரோவில் இருந்த தங்கையிடம் வந்து சேர்ந்தார். வாரநாளில் மிசிசாகாவில் ஒரு களஞ்சியத்தில் வேலை, ஞாயிற்றுக்கிழமையில் நாங்கள். எங்களைக் கட்டி மேய்ப்பதைவிட அந்தக் களஞ்சியத்தில் பெட்டி தூக்குவது சுகம் என்று அடிக்கடி சொல்லுவார், ஆனால் ஒரு ஞாயிறும் வராமல் விட்டதில்லை.

அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. ஆட்டம் தொடங்கியதும் மைதானத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் நிற்பார். முதல்தரம் பார்த்தபோது இவருக்கு விசர் என்றுதான் நினைத்தேன். கேட்டதற்கு, நடுக்களக்காரனுக்கு எப்போதும் முதுகுக்குப் பின்னால் ஒருவன் நிற்பான், கண்ணை மட்டும் நம்பினால் தொலைந்தான், காதால்தான் ஆட வேண்டும் என்றார். ஒரு ரீம் எப்படி இருக்கிறது என்பதையும் அவர் காதால்தான் பார்ப்பார். எங்கள் ரீமைக் கேட்பது கலியாண வீட்டில் சம்பந்திமார் சண்டைபிடிப்பதைக் கேட்பதுபோல இருக்கிறதாம்.

அவர் சொன்னதில் பொய் இல்லை. எங்கள் ஆட்களுக்கு வாய் மூடிக்கொண்டு விளையாடத் தெரியாது. ஒருத்தன் பந்தைப் பிழையாகக் கொடுத்தால் அவனுடைய கண்ணில் தொடங்கி அவன் படித்த பள்ளிக்கூடம் வரைக்கும் பேச்சு விழும். ஆட்டம் முடிய அதே வாய்களால் ஒன்றாக இருந்து கொத்துரொட்டி சாப்பிடுவார்கள். அந்த ரீமில் அதிகம் பேச்சு வாங்குகிறவன் சீலன். அவனும் நடுக்களம்தான். பந்து காலில் பட்டால் விட மனமில்லாமல் வைத்துக்கொண்டு நிற்பான். ஒரு கணம் பிந்தித்தான் கொடுப்பான். கோல் காக்கிற தேவன் பின்னால் நின்று, “டேய் விசரா, விடடா பந்தை! உனக்கென்ன சீதனமாத் தந்ததோ?” என்று தொண்டை கிழியக் கத்துவான். சீலன் சிரித்துக்கொண்டே ஓடுவான். பேச்சு வாங்கினால்தான் அவனுக்கு ஆட்டம் வரும்.

சென் ஜேம்ஸ் ரவுணில் ஓர் அப்பாட்மென்றில் இன்னும் சிலரோடு சேர்ந்து இருந்தான். ஸ்காபரோவில் பாண் சுடுகிற ஒரு தொழிற்சாலையில் இரவு வேலை. தகப்பன் இல்லை. ஊரில் தாயும் ஒரு தம்பியும். வாயைத் திறந்தால் தம்பி புராணம்தான். “அவன் வரட்டும் அண்ணை, என்னைவிட நல்லா விளையாடுவான். என்ர இடத்தை அவனுக்குக் குடுத்திட்டு நான் உங்களுக்குப் பக்கத்தில நிண்டு கத்துறன்.” அந்தத் தம்பி அந்தக் கிழமைதான் வீட்டைவிட்டு வெளிக்கிட்டிருந்தான்.

உங்களில் பாதிப் பேர் இங்கே பிறந்தவர்கள் என்பதால் இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது. சண்டையால் தரைப்பாதை மூடிக்கிடந்த அந்த வருடங்களில் யாழ்ப்பாணத்தைவிட்டு வெளியே வருவதென்றால் இருட்டில் வள்ளம் ஏறிக் கடலேரியைக் கடந்து மற்றக் கரைக்கு வர வேண்டும். அங்கேயிருந்து வவுனியா, பிறகு கொழும்பு. யாழ்ப்பாணத்தில் ரெலிபோன் இல்லை. வவுனியாவுக்கு வந்து சேர்ந்தவர்கள் அங்கேயிருந்து எடுத்தால்தான் எங்களுக்குச் செய்தி. சீலன் அந்தக் கிழமை முழுவதும் அந்த ஒரு ரெலிபோன் கோலுக்காகத்தான் காத்துக்கொண்டிருந்தான்.

அன்றைக்குப் பருவத்தின் கடைசி ஆட்டம். தோற்றால் கீழ்ப் பிரிவுக்கு இறங்க வேண்டும். காலையில் நான் சப்பாத்து போட்டுக்கொண்டிருக்கும்போது ரெலிபோன் அடித்தது. மல்வேர்னில் இருக்கும் சீலனின் அத்தான், அவனுடைய பெரியம்மாவின் மகளைக் கட்டியவர்.

“அண்ணை, சீலன் உங்களோடயோ?”

“இல்லை. வேலை முடிய நேர கிரவுண்டுக்கு பஸ்ஸில வாறன் எண்டவன். ஏன்?”



“சின்னவன் போயிட்டான் அண்ணை. வவுனியாவில இருந்து கோல் வந்தது. வள்ளம் கவிண்டிட்டுதாம். உடம்பை மற்றக் கரையில எடுத்து, அடக்கமும் செய்திட்டினமாம்.”

அவர் தொடர்ந்து சொன்னார்: “அவனுக்கு ஒண்டும் சொல்லிப்போடாதேங்கோ. மட்ச் முடிய நீங்களே காரில ஏத்தி எங்கட வீட்டை கூட்டிக்கொண்டு வாங்கோ. அதுக்கிடையில சனம் எல்லாம் வந்திடும். பிடிக்க நாலு பேர் நிக்கேக்க சொல்லுவம்.”

“ஓம்” என்றேன். வேறு என்ன சொல்ல? நாங்கள் சாவைச் சொல்லும் முறை அதுதானே. முதலில் “கொஞ்சம் சுகமில்லை” என்போம். பிறகு “கடுமையாம்” என்போம். கடைசியில் வாசலில் நிற்கிற சனத்தைக் கண்டு அவனே விளங்கிக்கொள்வான். அப்படி விளங்கும்போது பக்கத்தில் ஒரு தோள் இருக்க வேண்டும். இதைப் பொய் என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் பத்திக்கொண்டு வரும்.

மைதானத்துக்குப் போனால், கார் விடுகிற இடத்தில் ரீம் முழுக்கக் கூடி நிற்கிறது. தேவன் கண் சிவந்துபோய் வந்தான். “கேள்விப்பட்டியளோ?” என்றான். இந்த நகரத்தில் ரெலிபோன் வைத்திருந்த எல்லாத் தமிழ் வீட்டுக்கும் செய்தி போய்விட்டிருந்தது. தெரியாத ஆட்கள் இரண்டே பேர்தான். ஒருத்தன் பஸ்ஸில் வந்துகொண்டிருந்தான். மற்றவர் கொடிக்கம்பு நட்டுக்கொண்டிருந்த வெள்ளையண்ணை.

அவருக்கு ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். நான் விளையாடிய காலத்தில் என் முழங்கால் போனபோது அவர் எனக்குச் செய்தி சொன்ன விதம் எனக்குத் தெரியும். இதே மாதிரி ஒரு கார் விடுகிற இடத்தில், என் முகத்தைப் பார்த்து, “உன் கால் முடிந்தது. இனி ஓடாதே” என்றார். அவ்வளவுதான். கெட்ட செய்தியை ஆறவிடக் கூடாது என்பது அவருடைய கொள்கை. பல நாள் அவரோடு கதைக்காமல் திரிந்தேன். இவரிடம் சொன்னால் சீலன் பஸ்ஸால் இறங்கின உடனே போய்த் தோளில் கையை வைத்து இரண்டு வசனத்தில் சொல்லிவிடுவார். நித்திரையில்லாமல், வெறும் வயிற்றோடு, ஒரு சொந்தக்காரரும் பக்கத்தில் இல்லாமல் நிற்கிறவனுக்கு! அதனால் நான் வாயே திறக்கவில்லை.

அவனை விளையாட விடாமல் இருத்தியிருக்கலாமே என்றும் யோசித்தேன். இருத்தினால் ஏன் என்று கேட்பான். என் பக்கத்தில் இருந்து என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பான். காரில் ஏற்றிக்கொண்டு உடனே மல்வேர்னுக்குப் போனால் வழி முழுக்க நானும் அவனும் தனியே. மைதானத்துக்குள் விடுவதுதான் மறைப்பதற்கு வசதி என்று தீர்மானித்தேன். “வழமைபோல இருங்கோ” என்று எல்லாருக்கும் சொன்னேன்.

சொல்லி வாய் மூடவில்லை, சீலன் பையைத் தோளில் போட்டுக்கொண்டு வருகிறான். சட்டைக் கையில் மா ஒட்டியிருந்தது.

“என்ன, எல்லாரும் செத்தவீட்டுக்கு வந்தமாதிரி நிக்கிறியள்? தோத்தா அழுவம், இப்பவே ஏன்?” என்றான்.

யாரோ ஒருத்தன் தேவைக்கு மேலாகச் சிரித்தான். எனக்கு அவனைக் கன்னத்தில் அறைய வேண்டும்போல இருந்தது.

ஆட்டத்தின் முடிவை இங்கேயே சொல்லிவிடுகிறேன், அதைத் தேடிக்கொண்டு வாசிக்காதீர்கள். தோற்றோம். கீழே இறங்கினோம். குளிர்காலம் முடிவதற்குள் கழகம் வெள்ளையண்ணையையும் அனுப்பிவிட்டது. அது கிடக்கட்டும்.

தொடங்கின கையோடு சீலன் வழக்கம்போலப் பந்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். மற்ற ரீம்காரன் வந்து அதைப் பறித்துக்கொண்டு போனான். கோலாகியிருக்க வேண்டியது, தேவன் விழுந்து பிடித்தான். நான் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். தேவன் எழும்பினான், பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, “பரவாயில்லை சீலன்” என்றான்.

பரவாயில்லை! அந்த வாயிலிருந்து அந்தச் சொல் அதற்கு முதல் வந்ததே இல்லை. ஐயோ, கெடுத்தான் பாவி என்று தலையில் கை வைத்தேன். அவன் மட்டும் இல்லை. எல்லாருமே அப்படித்தான். “சீலன், பின்னுக்கு ஆள் வாறான்” என்று மெல்லச் சொல்கிறார்கள். காய்ச்சல்காரனுக்குக் கஞ்சி நீட்டுவதுபோலப் பந்தை அவனுடைய காலடியில் கொண்டுவந்து வைக்கிறார்கள். பிழைவிட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். வழமைபோல இருக்கச் சொன்ன நானும் அவனுடைய பெயரைச் சொல்லி ஒருதரமும் கத்தவில்லை.

மைதானத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்ற வெள்ளையண்ணை சடாரென்று திரும்பி ஆங்கிலத்தில் கேட்டார், அவர் கதைத்ததை நான் எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன்.

“உன்ர ஆக்களுக்கு வாய் எங்க?”

“கடைசி ஆட்டம்தானே, பயம்போல” என்றேன்.

“பயந்தவன் கத்துவான்” என்றார். என்னை ஒருமாதிரிப் பார்த்தார். அதற்குள் எங்களுக்கு ஒரு கோல் விழுந்தது. அதுவும் சீலனிடமிருந்து பறித்த பந்துதான். ஒருத்தனும் மூச்சுவிடவில்லை. மனுசனுக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை. கோட்டோரமாக ஓடிப்போய், இங்கிலாந்தில் பழகின அத்தனை தூசணத்தையும் சீலனின் தலையில் கொட்டினார். எனக்கு உடம்பு கூசியது. ஆனால் சீலனைப் பார்த்தால், அவன் திரும்பிப் பெருவிரலைத் தூக்கிக் காட்டுகிறான். அதற்குப் பிறகு அவன் வெள்ளையண்ணை நிற்கும் பக்கமாகவே ஓடத் தொடங்கினான். அங்கேயிருந்து மட்டும்தான் அவனுக்குப் பேச்சு வந்தது.

பிறகு, பந்து வெளியே போன ஒரு நேரம், அவன் நடுவில் நின்று தேவனைப் பார்த்தான். தேவன் குனிந்து கையுறையைச் சரிசெய்தான். மற்றவர்களைப் பார்த்தான். ஒவ்வொருத்தனும் வேறு பக்கம் பார்த்தான். கடைசியாக என்னைப் பார்த்தான். நானும் மணிக்கூட்டைப் பார்த்தேன். மறைப்பதென்றால் ஒரு சனமே சேர்ந்து மறைக்கிறோம், ஆனால் ஒருத்தனுக்கும் நடிக்கத் தெரியாது. எங்கள் அன்பு எங்களைக் காட்டிக்கொடுத்துவிட்டது.

இடைவேளைக்கு எல்லாரும் தோடம்பழத் துண்டுகளை எடுத்துக்கொண்டு புல்லில் இருந்தார்கள். சீலன் இருக்கவில்லை. நேரே என்னிடம் வந்தான்.

“அண்ணை, ஒருத்தனும் என்னைப் பேசேல்லை.”

“மட்ச் முக்கியம்தானே, அதுதான்…”

“அண்ணை.” என் கையைப் பிடித்தான். “ஆர்? அம்மாவோ, தம்பியோ?”

பிள்ளைகளே, இந்தக் கேள்விக்கு எந்த வகுப்பிலும் பதில் சொல்லித்தர மாட்டார்கள். அத்தானுக்கு வாக்குக் கொடுத்திருந்தேன். மல்வேர்னில் சனம் கூடிக்கொண்டிருந்தது. “வீட்டை போய்க் கதைப்பம்” என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லியிருந்தால், நான் பேரைச் சொல்லும்வரைக்கும் அவன் இரண்டு பேரையும் சாகக் கொடுத்துக்கொண்டே நிற்பான். அதை என்னால் பார்த்துக்கொண்டு நிற்க முடியவில்லை.

“தம்பி” என்றேன்.

“கடலிலயோ?”

“ஓம். வள்ளம் கவிண்டதாம். அடக்கம் செய்திட்டினம்.”

அவன் என் கையை விட்டான். அப்படியே புல்லில் இருந்தான். பின்னால் தேவன் குழறி அழத் தொடங்கினான். அவனைப் பார்த்து மற்றவர்களும். சீலன் மட்டும் அழவில்லை. புல்லையே பார்த்துக்கொண்டிருந்தான். எங்கள் ஆட்கள் அவனைச் சுற்றி வந்து இருந்தார்கள். ஒருத்தன் முதுகைத் தடவினான். இன்னொருத்தன் தண்ணீர்ப் போத்தலைத் திறந்து நீட்டினான்.

வெள்ளையண்ணை ஓடிவந்தார். என்னவென்று கேட்டார். சொன்னேன்.

“உனக்கு எப்ப தெரியும்?”

“காலமை.”

“இவங்களுக்கு?”

“எல்லாருக்கும் தெரியும்.”

மனுசனின் முகம் இரத்தமாகச் சிவந்தது. “சகோதரன் செத்த பொடியனை என்னைக்கொண்டு தூசணத்தால பேச வைச்சிருக்கிறாய். அவனுக்குச் சொந்தமான செய்தி, கார் விடுற இடம் முழுக்கத் தெரியும், அவனுக்கு மட்டும் தெரியாது. எல்லாருமாச் சேர்ந்து அவனைக் கொண்டுபோய் நடுவில விளையாட விட்டிருக்கிறியள். உங்களுக்கு ஆர் தந்தது அந்த உரிமை?”

எனக்கும் சூடு ஏறிவிட்டது. “எங்கட சனத்தை உங்களுக்குத் தெரியாது” என்றேன்.

“எனக்கு அவனைத் தெரியும். அவன் வளர்ந்த ஆம்பிளை. அவனிட்ட இருந்து இதை மறைக்க நீ ஆர்?”

அவர் என்னைத் தள்ளிக்கொண்டு போய்ச் சீலனுக்கு முன்னால் முழங்காலில் நின்று மன்னிப்புக் கேட்டார். குரல் உடைந்துவிட்டது. சீலன் தனக்குத் தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில், நீங்கள் ஒருத்தர்தான் ஒழுங்காகக் கத்தினீர்கள் என்று சொன்னான். சொல்லிவிட்டு அவருடைய கையைத் தட்டிக்கொடுத்தான். அவருக்கு ஆறுதல் சொல்கிறான்! பார்த்துக்கொண்டு நின்ற எனக்கு அழுகை வந்துவிட்டது.

பிறகு சீலன் தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்துத் தமிழில் கேட்டான்.

“அம்மாவுக்கு ஆர் சொன்னது?”

“அங்க போன் இல்லைத்தானே. வவுனியாவில இருந்து ஆரும் திரும்பிப் போனாத்தான் தெரியவரும். இன்னும் போயிருக்காது.”

அப்போதுதான் எனக்கே உறைத்தது. மல்வேர்னுக்குத் தெரியும். சென் ஜேம்ஸ் ரவுணுக்குத் தெரியும். எங்கள் ரீமில் பந்து பொறுக்கிறவனுக்கும் தெரியும். பெற்ற தாய் மட்டும், பிள்ளை கரை சேர்ந்திருப்பான் என்று நினைத்துக்கொண்டு வீட்டில் சமைத்துக்கொண்டிருக்கிறாள்.

சீலன் அழாமல், ஓர் அலுவலைப் பற்றிக் கதைப்பவன்போலச் சொன்னான்:

“அப்ப செத்த செய்தியோட ஒருத்தரையும் அனுப்ப வேண்டாம் எண்டு அத்தானுக்குச் சொல்லுங்கோ. அம்மா தனிய நிக்கிறா அண்ணை, பிடிக்க ஆக்கள் இல்லை. தம்பி கொழும்புக்கு வந்திட்டான், கெதியில நான் கனடாவுக்குக் கூப்பிட்டிடுவன் எண்டு மட்டும் சொல்லிவிடச் சொல்லுங்கோ. நீங்களும் வாய் விடக்கூடாது. ஓமோ?”

நான் தலையாட்டினேன்.

நடுவர் விசிலை ஊதி, எங்களைக் கையால் கூப்பிட்டார். ஒருத்தனும் எழும்பவில்லை. வெள்ளையண்ணை இன்னும் முழங்காலில்தான் நின்றார். அவன் என்ன கேட்கிறான் என்று என்னிடம் கேட்டார்.

ஆங்கிலத்தில் ஒரு சொல்லும் விடாமல் சொன்னேன். அவர் சீலனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

“நீ என்ன சொன்னாய்?” என்று கேட்டார்.

“ஓம் எண்டு சொன்னன்” என்றேன்.